சன்னமாகப் பாடும் உரிமை

(மாதக் கூட்டம் ஒன்றில் ஆற்றிய உரை. கைப்பேசியில் பதிவானதை எழுத்தில் பெயர்த்தபோது பேச்சு நடையைக் கூடுமானவரை அப்படியே விட்டிருக்கிறோம்.)



இன்னைக்கு எனக்குக் கொடுத்த தலைப்பு 'ஒடுக்கப்பட்டோரும் இசையும்'. இந்தத் தலைப்பைச் சொன்னதுமே நீங்க என்ன எதிர்பார்ப்பீங்கன்னு எனக்குத் தெரியும். பறை வரும். அமெரிக்கக் கறுப்பர்களின் புளூஸ் வரும். ஜமைக்காவின் ரெகே வரும். இவற்றைப் பற்றியெல்லாம் இதே இடத்தில் நிறையப் பேசியாச்சு. நான் பேசப் போவது வேறொரு ஆளைப் பற்றி. அவர் கோஷம் போடுவதில்லை. உரக்கப் பாடுவதும் இல்லை. கிட்டாரை மடியில் வைத்துக்கொண்டு, பக்கத்து அறையில் யாரோ தூங்குகிறார்கள், எழுந்துவிடக் கூடாது என்பது மாதிரிப் பாடுகிறார். ஒடுக்கப்பட்டோர் இசைன்னு தலைப்பை வச்சுக்கிட்டு இதை ஏன் பேசணும் என்று தோன்றலாம். எனக்கும் முதலில் அப்படித்தான் தோன்றியது.

என் அக்கா மகள் கல்லூரியில் படிக்கிறாள். ஒருநாள் பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவள், காதில் மாட்டியிருந்ததில் ஒன்றைக் கழற்றி என்னிடம் கொடுத்து, "மாமா, இதைக் கேளுங்க" என்றாள். கேட்டேன். "என்னடி இது, தூங்கிக்கிட்டே பாடுற மாதிரி இருக்கு" என்றேன். "அவங்க ரிசர்வேஷன்ல இருந்து வந்தவங்க மாமா" என்றாள். எனக்கு அது இட ஒதுக்கீடு என்றே காதில் விழுந்தது. "அமெரிக்காவுல ஏதுடி ரிசர்வேஷன்?" என்று கேட்டுவிட்டு, அப்புறம்தான் உறைத்தது. நமக்கு ரிசர்வேஷன் என்றால் இட ஒதுக்கீடு. அங்கே ரிசர்வேஷன் என்றால் ஒதுக்கப்பட்ட இடம். ஒரு மக்களை அவர்களுடைய மண்ணிலிருந்து ஒதுக்கி, அந்த மண்ணிலேயே ஒரு மூலையைக் காட்டி, இதுதான் உங்களுக்கு என்று கோடு போட்டுக் கொடுப்பது. ஊருக்குப் பக்கத்தில் சேரியைக் கோடு போட்டு வைத்தவர்களின் மத்தியில் பிறந்த எனக்கு இதைப் புரிந்துகொள்ள அகராதி தேவைப்படவில்லை. ஆனாலும் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். இரண்டும் ஒன்றல்ல. இங்கே சாதி, அங்கே குடியேற்றம். காரணம் வேறு, வரலாறு வேறு. அதை அதுவாகவே பார்ப்போம்.

பாடகரின் பெயர் கேத்தரின் பால். ஸ்வினோமிஷ் பழங்குடியினர், இன்யூபியாக் வழியும் உண்டு. அவர் தன் பெயரில் இசைத் தட்டு வெளியிடுவதில்லை. 'பிளாக் பெல்ட் ஈகிள் ஸ்கவுட்' என்ற பெயரில் வெளியிடுகிறார். கராத்தேயில் கறுப்புக் கச்சை, சாரணர் இயக்கத்தில் ஈகிள் ஸ்கவுட், இரண்டும் உயர்ந்த தகுதிகள். பெயரைப் பார்த்தால் நாலைந்து பேர் கொண்ட குழு என்று நினைப்போம். உள்ளே போய்ப் பார்த்தால் ஒரே ஆள். 'மதர் ஆஃப் மை சில்ட்ரன்' என்ற அவருடைய முதல் தொகுப்பில் கிட்டார், டிரம்ஸ், குரல் என்று எல்லாவற்றையும் அவரே வாசித்துப் பாடிப் பதிவு செய்திருக்கிறார். பெரிய கம்பெனிகளின் தயவில்லாமல் இப்படித் தனியாக, தன் மனசுக்குள்ளேயே போய்ப் பாடுகிறவர்களுடைய பாட்டை அங்கே 'இண்டி' என்கிறார்கள். சிறுபத்திரிகைக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. நாமே எழுதி, நாமே மெய்ப்புப் பார்த்து, நாமே தபால்தலை ஒட்டி அனுப்புகிற வேலைதான்.

இந்த இண்டி என்கிற வட்டாரம் பெரும்பாலும் வெள்ளைக்காரப் பையன்களின் வட்டாரமாகவே இருந்து வந்தது. சோகம், தனிமை, காதல் தோல்வி, மலை, மழை, நிலா. அங்கே ஒரு பழங்குடிப் பெண், அதுவும் பெண்களை நேசிக்கிற பெண், கிட்டாரோடு நுழைந்திருக்கிறார் என்பதுதான் விசயம். நுழைந்து என்ன செய்தார் என்பதைச் சொல்ல, முதலில் அவருடைய ஊருக்குப் போக வேண்டும்.

அமெரிக்காவின் வடமேற்கு மூலையில் வாஷிங்டன் மாநிலம். தலைநகரம் வாஷிங்டன் வேறு. இது பசிபிக் கடலோரம். அங்கே ஃபிடால்கோ என்று ஒரு தீவு. அந்தத் தீவின் தென்கிழக்குப் பகுதியில் ஸ்வினோமிஷ் மக்களின் ஒதுக்கிடம். வாய்க்கால் மாதிரி குறுகிய கடற்கால் ஒன்றைத் தாண்டினால் லா கானர் என்ற ஊர். தீவின் வடக்கே அனகோர்டெஸ் நகரம். ஃபிடால்கோ என்பது ஸ்பானியக் கடற்படை அதிகாரி ஒருவரின் பெயர். அனகோர்டெஸ், அங்கே குடியேறிய ஒருவருடைய மனைவி அன்னா கர்டிஸின் பெயரிலிருந்து வந்தது. வந்தவன் பெண்டாட்டி பேர் ஊருக்கு. இருந்தவன் பேர் வாய்க்காலுக்கு.

1855 ஜனவரி 22ஆம் தேதி பாயின்ட் எலியட் என்ற இடத்தில் ஓர் ஒப்பந்தம் கையெழுத்தானது. ஸ்வினோமிஷ் உட்படப் பல பழங்குடிகள் தங்கள் நிலத்தின் மிகப் பெரும்பகுதியை விட்டுக்கொடுத்தார்கள். பதிலுக்குக் கிடைத்தது ஒதுக்கிடங்களும் சில வாக்குறுதிகளும். அவற்றில் ஒன்று, வழக்கமாக மீன் பிடித்த இடங்களில் தொடர்ந்து பிடித்துக்கொள்ளும் உரிமை. ஏட்டில் உரிமை இருந்தது. ஆற்றில் இறங்கிய பழங்குடி மீனவர்களை மாநிலப் போலீஸ் 1960களிலும் கைது செய்துகொண்டிருந்தது. போராடி, அடிவாங்கி, கடைசியில் 1974இல் நீதிபதி போல்ட் தீர்ப்பு எழுதினார்: பிடிக்கத்தக்க மீனில் பாதி, ஒப்பந்தம் செய்த பழங்குடிகளுக்கு உரியது என்று. 119 வருசம்.

இன்னொரு சங்கதி. அனகோர்டெஸுக்குப் பக்கத்தில் மார்ச் பாயின்ட் என்ற முனையில் 1950களில் இரண்டு எண்ணெய் சுத்திகரிப்பு ஆலைகள் வந்தன. அதற்குப் போகிற ரயில் பாதை ஸ்வினோமிஷ் ஒதுக்கிடத்தின் ஊடாகப் போகிறது. 1991இல் ரயில் கம்பெனியோடு ஓர் உடன்பாடு ஏற்பட்டது. ஒரு நாளைக்குப் போக ஒரு ரயில், வர ஒரு ரயில், ஒவ்வொன்றிலும் 25 பெட்டிக்கு மேல் கூடாது. 2012 முதல் கம்பெனி 100 பெட்டி கொண்ட கச்சா எண்ணெய் ரயில்களை விட்டது. பழங்குடி மன்றம் 2015இல் வழக்குப் போட்டது. 2024 ஜூனில் நீதிமன்றம் கம்பெனியை ஏறக்குறைய 40 கோடி டாலர் கொடுக்கச் சொன்னது. இதையெல்லாம் ஏன் சொல்றேன்னா, கேத்தரினின் பாட்டில் நிலம், தண்ணீர் என்று வரும்போது அது பிக்னிக் போனவன் பார்த்த நிலமும் தண்ணீரும் அல்ல. வழக்கு நடக்கிற நிலம்.

பாட்டுக்கு வருவோம். கேத்தரின் வளர்ந்த வீட்டில் பாட்டு உண்டு. குடும்பத்தாருக்கு ஒரு முரசுக் குழு இருந்தது. பவ்வாவ் என்பது பழங்குடிகள் கூடி ஆடிப் பாடுகிற பெரிய கூடுகை. பெரிய முரசு ஒன்றைத் தரையோடு கிடத்தி, ஐந்தாறு பேர் சுற்றி உட்கார்ந்து, ஒரே நேரத்தில் அடித்துக்கொண்டு ஒரே குரலாகப் பாடுவார்கள். அதற்குப் பெண்கள் ஆடுகிற ஒரு வகை ஆட்டத்துக்கான உடையில் வரிசை வரிசையாகத் தகரக் கூம்புகளைத் தைத்திருப்பார்கள். ஆடும்போது உடையே சலசலவென்று ஒலிக்கும். சின்ன வயதிலிருந்து கேத்தரின் அந்த உடை போட்டு ஆடியவர்.

இந்த முரசும் ஆட்டமும் சும்மா கிடைத்ததில்லை. 1883இல் அமெரிக்க அரசு கொண்டுவந்த விதிகளின்படி பழங்குடிகளின் சடங்கு ஆட்டங்கள் குற்றம். ஆடினால் ரேஷன் நிற்கும், சிறை உண்டு. தங்கள் சமயச் சடங்குகளைச் செய்ய அவர்களுக்கு உரிமை உண்டு என்று சட்டம் வந்தது 1978இல். அதாவது கேத்தரினுக்கு முந்தின தலைமுறையின் காலம் வரைக்கும் இந்தப் பிரச்சினை இருந்திருக்கிறது. எனவே அந்த முரசு தன்மானத்தின் அடையாளம். அதைக் கேட்டு வளர்ந்த பெண், பதின்வயதில், நிர்வாணா, ஹோல் என்ற இரண்டு ராக் குழுக்களின் திருட்டு வீடியோ கேசட்டுகளைப் போட்டுப் போட்டுப் பார்த்து, விரல் எங்கே வைக்கிறார்கள் என்று கவனித்து, தானாகவே கிட்டார் கற்றுக்கொண்டார். கேசட்டை நிறுத்தி, பின்னுக்கு ஓட்டி, மறுபடி பார்த்து. வாத்தியார் இல்லாமல் கற்றவர்கள் இங்கேயும் நிறையப் பேர் உட்கார்ந்திருக்கிறீர்கள். பிறகு படிக்க ஓரிகன் மாநிலத்தின் போர்ட்லண்ட் நகரத்துக்குப் போனார். சிறுமிகளுக்கு ராக் இசை சொல்லித் தருகிற முகாம் ஒன்று அங்கே உண்டு. அதோடும் சேர்ந்துகொண்டார்.

இங்கேதான் எனக்கு ஒரு கேள்வி வந்தது. ஐந்தாறு பேர் சுற்றி உட்கார்ந்து அடிக்கிற முரசிலிருந்து வந்தவர், ஏன் தனியாக உட்கார்ந்து கிட்டார் வாசிக்கிறார்? கூட்டத்தை விட்டுத் தனிமனிதவாதத்துக்குப் போய்விட்டாரா? நம்ம தோழர்களில் சிலர் அப்படித்தான் சொல்வார்கள். 'அகவயப்பட்ட புலம்பல்', 'நடுத்தரவர்க்க சொகுசு' என்று சொற்கள் நம்மிடம் தயாராக இருக்கின்றன.

அவர் ஏன் அப்படிப் பாடினார் என்று பார்ப்போம். 2016ஆம் ஆண்டின் இலையுதிர் காலத்தில் முதல் தொகுப்பின் பாட்டுகளை எழுதினார். அதற்குச் சற்று முன்பு அவருக்கு இரண்டு இழப்புகள். முதன்முதலாக அவர் நேசித்த பெண்ணோடு இருந்த உறவு மாறித் தேய்ந்துபோனது. இன்னொன்று, அவருடைய வழிகாட்டியாக இருந்த ஜெனவியேவ் காஸ்த்ரே கணையப் புற்றுநோயில் இறந்துபோனார். காஸ்த்ரே கனடாவின் கியூபெக் பகுதியில் பிறந்தவர், சித்திரக்கதை ஓவியர், பாடகர். 2012இல் வந்த 'சஸெப்டிபிள்' என்ற அவருடைய சித்திர நூல் பெயர் பெற்றது. 2016 ஜூலை 9ஆம் தேதி அனகோர்டெஸில் தன் வீட்டில் இறந்தபோது வயது 35. கைக்குழந்தை இருந்தது.

இந்த ஒரு சாவிலிருந்து இரண்டு இசைத் தொகுப்புகள் பிறந்தன. ஒன்று கேத்தரினுடையது. மற்றது காஸ்த்ரேயின் கணவர் ஃபில் எல்வெரமுடையது. எல்வெரம் அதே அனகோர்டெஸ்காரர், வெள்ளையர். 'மவுண்ட் ஈரி' என்ற பெயரில் தனியாளாகப் பாடுகிறவர். ஊருக்குப் பக்கத்திலுள்ள ஈரி மலையின் பெயரில் ஓர் எழுத்தைக் கூட்டி, அமானுஷ்யம் என்கிற பொருள் தொனிக்கும்படி வைத்துக்கொண்ட பெயர். 2003இல், இருபத்தைந்து வயது சுமாருக்கு, மலை உச்சியில் தானே சாவதாகவும், கழுகுகள் தன்னைத் தின்பதாகவும், பிரபஞ்சத்தைச் சந்திப்பதாகவும் ஒரு தொகுப்பே போட்டவர். அப்போது சாவு அவருக்கு ஒரு படிமம். 2016இல் நிஜச் சாவு வீட்டுக்கு வந்தது. மனைவி இறந்த அதே அறையில் உட்கார்ந்து, பெரும்பாலும் மனைவியின் வாத்தியங்களையே எடுத்து, அவர் பதிவு செய்த 'எ குரோ லுக்ட் அட் மீ' 2017 மார்ச்சில் வந்தது. அதில் படிமம் கிடையாது. மனைவி சாகுமுன் குழந்தைக்கென்று ரகசியமாக வாங்க ஏற்பாடு செய்திருந்த பள்ளிக்கூடப் பை, செத்து ஒரு வாரம் கழித்துத் தபாலில் வந்து சேர்ந்தது என்று ஒரு பாட்டு சொல்கிறது. அவ்வளவுதான். சாவைக் கலையாக்குவதே பொய் என்று அவருக்குத் தோன்றிவிடுகிறது. அதையும் பாட்டாகத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது. கேட்டுவிட்டு நான் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. அதை ஒத்துக்கொள்கிறேன்.

கேத்தரினின் தொகுப்பு அனகோர்டெஸிலேயே, பழைய தேவாலயம் ஒன்றில் அமைந்த ஒலிப்பதிவுக் கூடத்தில், நடுக்குளிர்காலத்தில் பதிவானது. சின்ன வெளியீடாக 2017இலும், சாடில் கிரீக் நிறுவனத்தின் மறுவெளியீடாக 2018இலும் வந்தது. இதில் எல்வெரமிடம் உள்ளது மாதிரி தேதி கிடையாது, மருந்துச் சீட்டுக் கிடையாது. ஒரே வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொல்கிறார். கிட்டார் மெதுவாக ஏறிக்கொண்டே போகிறது. 'சாஃப்ட் ஸ்டட்' என்ற முதல் பாட்டு ஒரு பெண் இன்னொரு பெண்ணை விரும்புவது பற்றியது.  அடுத்தாற்போல 'இண்டியன்ஸ் நெவர் டை'. 'இந்தியர்கள் சாவதில்லை.' இந்தியர் என்றால் அங்கே பழங்குடி. இதைத் தலைப்பாகக் கேட்டால் ஊர்வல முழக்கம். பாட்டாகக் கேட்டால் தாலாட்டு. பூமியைச் சட்டை செய்யாமல் எடுத்துக்கொண்டே போகிறவர்களைப் பார்த்துப் பாடுகிற பாட்டு அது. ஆனால் குரல் ஏறுவதில்லை. 2016 இலையுதிர் காலத்தில் வடக்கு டகோடாவின் ஸ்டாண்டிங் ராக்கில் எண்ணெய்க் குழாய்க்கு எதிராக ஆயிரக்கணக்கில் பழங்குடிகள் கூடாரம் அடித்துக் கிடந்தார்கள் என்பதை இங்கே நினைவில் வைக்க வேண்டும். அந்த நேரத்தில் முழக்கம் எழுதுவது சுலபம். தாலாட்டு எழுதத் தைரியம் வேண்டும்.

நான் சொல்ல வந்த விசயம் இதுதான், தோழர்களே. ஒடுக்கப்பட்டவனிடம் உலகம் ஒரு குறிப்பிட்ட சத்தத்தை எதிர்பார்க்கிறது. பழங்குடி என்றால் இறகு வைத்துக்கொண்டு முரசடிக்க வேண்டும். நம்ம ஆள் என்றால் பறையடிக்க வேண்டும். இல்லையென்றால் அழ வேண்டும். இரண்டில் ஒன்று. நடுவில் ஒரு மனுசன் இருக்கிறானே, ராத்திரி தூக்கம் வராமல் பாயில் புரள்கிறவன், ஒரு பெண்ணின் பேச்சை நினைத்துத் தானாகச் சிரித்துக்கொள்கிறவன், செத்துப்போன சிநேகிதியின் கையெழுத்தைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருக்கிறவன், அவனுக்கு இடமில்லை. நம்மிடம் புறம் மட்டும்தான் உண்டு, அகம் அவர்களிடம் உண்டு என்று ஒரு பாகப்பிரிவினை நடந்திருக்கிறது. யார் நடத்தியது? எதிரி மட்டுமா? நாமும் கையெழுத்துப் போட்டிருக்கிறோம்.

பறையை இழிவின் அடையாளம் என்று தூக்கி எறிந்த நம் பெரியவர்கள் உண்டு. அதையே ஆயுதமாக எடுத்துக்கொண்ட இளைஞர்கள் உண்டு. இரண்டு பக்கமும் நியாயம் இருக்கிறது. அந்த விவாதத்தை நான் இங்கே முடித்துவைக்க வரவில்லை. ஆனால் இரண்டு தரப்புமே ஒரு கேள்வியைக் கேட்கவில்லை. சாவு வீட்டில் பத்து மணி நேரம் அடித்துவிட்டு வீட்டுக்கு வந்து படுக்கிறவருக்கு மனசில் ஓடுகிற பாட்டு எது? அதை யார் பதிவு செய்தோம்? எங்க சித்தப்பா அடிப்பார். வீட்டில் தனியாக இருக்கும்போது என்னமோ முனகிக்கொண்டே இருப்பார். கிட்டப் போனால் நிறுத்திவிடுவார். அது என்ன பாட்டு என்று கடைசிவரை எனக்குத் தெரியாமலே போயிற்று. அவர் அடித்ததைப் பற்றி நான் இரண்டு கட்டுரை எழுதியிருக்கிறேன். முனகியதைப் பற்றி ஒரு வரி இல்லை.

கேத்தரின் அந்த முனகலைத்தான் ஒலிபெருக்கிக்குக் கொண்டு வந்திருக்கிறார். அது தனிமனிதவாதமா என்பதற்கு அவருடைய அடுத்த தொகுப்புகளே பதில். 2019இல் வந்த இரண்டாவது தொகுப்பின் பெயர் 'அட் த பார்ட்டி வித் மை பிரவுன் ஃபிரண்ட்ஸ்'. தனி அறையில் ஆரம்பித்தவர், பழுப்பு நிறத்துச் சிநேகிதர்களோடு சேர்ந்திருப்பதைப் பாடுகிறார். அதில் அம்மாவைப் பற்றிய ஒரு பாட்டும் உண்டு. நீதான் நான், நான்தான் நீ என்று பொருள்படும் தலைப்பு.

2020இல் கொரோனா வந்தது. ஒழுங்கு செய்திருந்த இசைப் பயணங்கள் நின்றன. அவர் போர்ட்லண்டை விட்டுக் கிளம்பி, ஸ்காகிட் ஆற்றுப் பக்கம், தேவதாரு மரங்களும் சேற்றுக் கடலோரமும் உள்ள ஸ்வினோமிஷுக்கே திரும்பிவிட்டார். நகரத்துக்குப் போய்ப் பேர் வாங்கினவர்கள் சேரிக்குத் திரும்புவது இங்கே எவ்வளவு அபூர்வம் என்று யோசித்துக்கொள்ளுங்கள். நான் திரும்பவில்லை. இங்கே இருக்கிற பலரும் திரும்பவில்லை. குற்றம் சொல்லவில்லை, கணக்குச் சொல்கிறேன்.

அங்கே இருந்து வந்தது மூன்றாவது தொகுப்பு, 2023 பிப்ரவரியில். 'த லேண்ட், த வாட்டர், த ஸ்கை'. நிலம், நீர், வானம். முதல் பாட்டின் பெயர், என் ரத்தம் இந்த நிலத்தில் ஓடுகிறது என்று பொருள்படும். முதல் தொகுப்பில் எல்லாவற்றையும் தானே வாசித்தவர், இதில் ஆட்களைக் கூப்பிட்டுக்கொள்கிறார். தகியாயா ரீட் என்ற கறுப்பு, செரோக்கி இசைக்கலைஞரோடு சேர்ந்து இதைத் தயாரித்திருக்கிறார். ஒரு பாட்டில் எல்வெரமின் குரலும் வருகிறது. காஸ்த்ரேயை இழந்த இருவரின் குரலும் ஒரே பாட்டில். 'ஸ்பேஸஸ்' என்ற பாட்டில் அவருடைய அப்பாவும் அம்மாவும் பாடுகிறார்கள். பவ்வாவில் பாடிப் பழகிய அப்பாவின் குரல், மகளின் மெல்லிய குரலுக்குப் பின்னால் எழும்பி வருகிறது. 1883இல் குற்றமாக்கப்பட்ட குரல் அது. அதை அவர் முதல் தொகுப்பிலேயே கொண்டுவந்து வைத்திருந்தால், பழங்குடி முத்திரைக்காக வைத்தது என்று ஆகியிருக்கும். தன் துக்கத்துக்குள் தானே இறங்கிப் போய், அடியில் அப்பாவின் குரல் இருப்பதைக் கண்டுபிடித்து, பிறகு கூப்பிட்டிருக்கிறார். தனியாகப் போனவர் கூட்டத்தோடு திரும்பி வந்திருக்கிறார்.

எல்வெரம் பக்கமும் ஒரு மாற்றம் நடந்தது. 2024 நவம்பரில் அவர் வெளியிட்ட 'நைட் பேலஸ்' தொகுப்பில் 26 பாட்டுகள். அதில் ஒன்றின் தலைப்பு, 'உருவகமல்லாத காலனிய நீக்கம்' என்று பொருள்படும். காலனிய நீக்கம் ஓர் உருவகம் அல்ல, நிலத்தைத் திருப்பிக் கொடுப்பதுதான் அது என்று ஈவ் டக், கே. வெய்ன் யாங் இருவரும் 2012இல் எழுதிய கட்டுரை கல்விப்புலத்தில் பெரிய விவாதத்தைக் கிளப்பியது. அந்த விவாதம் இவருடைய பாட்டுக்குள் வந்திருக்கிறது. தீவுகளில் பணக்காரர்கள் கட்டிப் பூட்டி வைத்திருக்கிற விடுமுறை வீடுகளைப் பற்றி இன்னொரு பாட்டு. மனைவியின் சாவில் பொய் சொல்லக்கூடாது என்று கற்றவர், வீட்டுக்கு அடியிலுள்ள மண்ணைப் பற்றியும் பொய் சொல்ல முடியாத இடத்துக்கு வந்து சேர்ந்திருக்கிறார். இதை நான் மதிக்கிறேன்.

மதித்துவிட்டு ஒன்று சொல்கிறேன். டக்கும் யாங்கும் அதே கட்டுரையில் எச்சரிக்கிறார்கள்: குடியேறியவர்கள் தங்கள் குற்ற உணர்ச்சியைச் சொல்லியே நிம்மதி அடைந்துவிடுவார்கள், நிலம் கைமாறாது. நமக்கு இது புதுசா? 'நான் சாதி பார்க்கிறதில்லைங்க' என்று கண்கலங்கிப் பேசுகிறவர்களுடைய பத்திரத்தில் ஒரு செண்டு குறைந்திருக்கிறதா? பாட்டு நிலத்தைத் திருப்பிக் கொடுக்காது. எல்வெரமின் பாட்டும் கொடுக்காது, கேத்தரினின் பாட்டும் கொடுக்காது. மீனைத் திருப்பி வாங்கியது போராட்டமும் தீர்ப்பும். ரயில் கம்பெனியைத் தண்டித்தது வழக்கு. அதை மறந்துவிட்டுக் கலை கலை என்று பேசினால் நான் இங்கே நிற்க லாயக்கில்லை.

அப்படியானால் பாட்டு எதற்கு? வழக்குப் போடுகிற மனுசன் மனுசனாக மிச்சம் இருப்பதற்கு. 119 வருசம் மீனுக்காக நின்ற மக்கள், அந்த 119 வருசமும் கோஷம் மட்டும் போட்டுக்கொண்டிருந்திருப்பார்களா? காதலித்திருப்பார்கள், செத்தவருக்காகத் தனியாக அழுதிருப்பார்கள், குழந்தையைத் தூங்கவைக்க எதையோ முனகியிருப்பார்கள். எதற்காகப் போராடுகிறோமோ அந்த வாழ்க்கை அதுதானே? உரிமை கிடைத்த பிறகு வாழ்ந்துகொள்ளலாம் என்று யாரும் வாழ்க்கையை ஒத்திவைக்க முடியாது.

இங்கே எழுதுகிற தம்பி, தங்கச்சிகளுக்கு ஒரு வார்த்தை. உங்க கவிதையை எங்கிட்டக் கொண்டு வர்றீங்க. சில நேரம் நான், 'இதுல அரசியல் எங்கே?' என்று கேட்டிருக்கிறேன். ஒரு தங்கச்சி, தோழி ஒருத்தியோட மொட்டை மாடியில் உட்கார்ந்திருந்ததைப் பற்றி எழுதியிருந்தாள். இதழில் போடவில்லை. 'நம்ம பத்திரிகைக்கு ஒத்துவராது' என்று சொல்லி அனுப்பிட்டேன். அவள் அதுக்கப்புறம் எதுவும் கொண்டு வரவில்லை. அந்தக் கவிதை என்கிட்ட இப்பவும் இருக்கு. அடுத்த இதழில் போட அவள் அனுமதி வேண்டும். இந்தக் கூட்டத்துக்கு அவள் வந்திருந்தால், முடிந்ததும் என்னைப் பார்க்க வேண்டும். வராவிட்டால் நான் தேடிப்போய்ப் பார்க்கிறேன்.

பேச்சு நீண்டுவிட்டது. அக்கா மகள் ஒலிபெருக்கியோடு உட்கார்ந்திருக்கிறாள். 'ஸ்பேஸஸ்' பாட்டைப் போடச் சொல்லியிருக்கிறேன். மொழி புரியலைன்னா பரவாயில்லை. அப்பா குரல் வருகிற இடம் உங்களுக்கே தெரியும். மின்விசிறியைக் கொஞ்சம் நிறுத்திடுங்க, சன்னமான குரல்.